பாயசம் மட்டும் குடிக்க வந்தவர்கள்

"மச்சான், கடைசியில அவன் செத்துட்டானா, இல்லையா?"

நேற்று ராத்திரி பதினொன்றரைக்கு வாட்ஸ்அப்பில் வந்த கேள்வி. கூடவே ஒரு நாலு நிமிஷ கிளிப். ஸ்வோர்ட் ஆஃப் தி ஸ்ட்ரேஞ்சர் என்கிற ஜப்பானிய அனிமே படத்தின் கடைசிச் சண்டை. படம் பார்த்தியாடா என்றால், "அதான் இதுலயே எல்லாம் இருக்கே" என்கிறான். வந்த கோபத்துக்குப் போனைச் சுவரில் அடித்திருப்பேன். இன்னும் ஆறு தவணை பாக்கி.

இவன் ஒருத்தன் என்றால் பரவாயில்லை. 2007இல் போன்ஸ் ஸ்டூடியோவுக்காக மசாஹிரோ ஆண்டோ எடுத்த படம். இத்தனை வருஷம் கழித்து அதன் பேரைச் சொன்னாலே "ஓ, அந்தப் பனியில நடக்கிற ஃபைட்டா?" என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. சரி, யுட்டாகா நகமுரா வரைந்த அந்த அசைவுகளை நானும்தான் நிறுத்தி நிறுத்திப் பார்த்திருக்கிறேன். அதற்காக?

நாயகன் நனாஷியின் வாள் ஏன் உறையோடு சேர்த்துக் கட்டிக் கிடந்தது என்று தெரியுமாடா உனக்கு? மேலிடத்து உத்தரவுக்குப் பணிந்து குழந்தைகளை வெட்டிய கை அது. இனி உருவவே மாட்டேன் என்று போட்ட கட்டு. எத்தனை பேர் பாய்ந்து வந்தாலும் நனாஷி உறையோடுதான் அடிக்கிறான். விஷம் ஏறிய நாயைக் காப்பாற்றக் கையிலிருந்த கல்லைக் கூலியாகக் காட்டி அவனை அமர்த்துகிற கொட்டாரோ, வாயைத் திறந்தால் சண்டைக்கு வருகிற பொடியன். அந்தப் பொடியனுக்காகக் கட்டு அவிழ்கிற நொடிக்குத்தான் நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். உன் கிளிப் தொடங்கும்போதே வாள் வெளியே இருக்கிறது! கல்யாணத்துக்கு வராமல், பந்தியிலும் உட்காராமல், பாயசத்தை மட்டும் குடித்துவிட்டு மாப்பிள்ளை யாருங்க என்று கேட்கிற கதை.

எதிரே நிற்கும் லுவோ-லாங்? கூட வந்த, சீனாவின் மிங் பேரரசு ஆட்கள் வலி தெரியாமலிருக்க மருந்து எடுத்துக்கொள்ளும்போது, இவன் மட்டும் வேண்டாம் என்கிறான். அவனுக்கு வலிக்க வேண்டும். அதுவும் கிளிப்பில் கிடையாது.

அப்புறம் அந்த முடிவு. ஒரே குதிரையில் நனாஷியும் கொட்டாரோவும். பையன் இனி எங்கே போகலாம் என்று உற்சாகமாகப் பேசிக்கொண்டே வருகிறான். பனியில் சொட்டுச் சொட்டாக ரத்தம். அவ்வளவுதான், படம் அங்கே விட்டுவிடுகிறது. விடமாட்டேன் என்று கிளம்புகிறது விளக்க வீடியோக் கூட்டம், ரத்தத்துளியைச் சுற்றிச் சிவப்பு வட்டம் போட்டுக்கொண்டு. அவன் பிழைத்தானா என்று தெரியாமல் அந்தப் பையனின் பேச்சைக் கேட்பதில்தானே அடிவயிறு பிசைகிறது? போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட் எதற்கு?

இத்தனையும் டைப் செய்து அழித்துவிட்டு, "முழுசாப் பார்த்துட்டு வா, சொல்றேன்" என்று மட்டும் அனுப்பினேன். நீல டிக் விழுந்தது. ஐந்து நிமிஷம் கழித்துப் பதில்:

"அப்போ ரெண்டாம் பாகம் எப்போ?"