குரோசோ இன்டர் மிலானின் வளர்ப்பு அல்ல

இத்தாலியக் கால்பந்து வீரர் ஃபாபியோ குரோசோ இன்டர் மிலானின் இளையோர் அணியில் வளர்ந்தவர், தொடக்கம் முதலே இத்தாலியின் முதல் பிரிவான சீரி ஏ-வில் மட்டும் ஆடியவர் என்று பலர் பகிர்ந்திருக்கிறீர்கள். அன்புடன் சொல்கிறேன், அது சரியல்ல.

அவர் தொடங்கியது ரெனாடோ கூரி என்ற சிறிய அணியில். அது வட்டார அளவிலான அமெச்சூர் லீக்கில் ஆடிய அணி. 1998-இல் கியெட்டிக்குப் போனார். அந்த அணி அப்போது சீரி சி2-வில், அதாவது நான்காம் பிரிவில் இருந்தது. 2001-இல் பெருஜா அழைத்தபோதுதான் சீரி ஏ-வுக்கு வந்தார். வயது 23. 2004 ஜனவரியில் மறுபடியும் ஒரு படி இறங்கி, இரண்டாம் பிரிவான சீரி பி-யில் இருந்த பலெர்மோவில் சேர்ந்தார். இன்டருக்குப் போனது 2006 கோடையில்தான்.

சரிபார்ப்பது எளிது. 2006 உலகக் கோப்பைக்கான இத்தாலி வீரர் பட்டியலில் அவர் பெயருக்கு எதிரே பலெர்மோ என்றே இருக்கும். பிறகு அவருடைய வாழ்க்கைக் குறிப்பில் 2001-க்கு முந்தைய பருவங்களையும் பாருங்கள். அங்கே கவனம் தேவை: இன்றைய சீரி சி மூன்றாம் பிரிவு; பழைய சி2 அதற்கும் கீழே இருந்தது, 2014-இல் நீக்கப்பட்டது. இரண்டையும் ஒன்றாக எண்ணிக் குழம்புவது இயல்பே.

அந்த உலகக் கோப்பையில் ஜெர்மனிக்கு எதிரான அரையிறுதியில் 119-ஆம் நிமிடத்தில் அடித்த அந்தக் கோலுக்குப் பின்னால் கியெட்டியில் கழிந்த மூன்று பருவங்களும் இருக்கின்றன. அவற்றை அழித்துவிட வேண்டாம்.