‘ரான்’ படமும் முராக்கியின் ஆஸ்கரும்

ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசவாவின் ‘ரான்’ (1985) படத்துக்காகக் கலை இயக்குநர் யோஷிரோ முராக்கி ஆஸ்கர் வென்றார் என்று பலர் எழுதியிருக்கிறார்கள். அவர் பரிந்துரைக்கப்பட்டது உண்மை, ஆனால் விருது கிடைக்கவில்லை. ஃபூஜி மலைச் சரிவில் ஒரு கோட்டையையே கட்டி, கேமரா முன்னால் எரித்த படம் அது. எனக்கும் அவருக்குக் கிடைத்திருக்க வேண்டும் என்றுதான் தோன்றும். சரி, அந்த ஆண்டு கலை இயக்க விருது ‘அவுட் ஆஃப் ஆப்பிரிக்கா’வுக்குப் போனது. ‘ரான்’ வென்ற ஒரே ஆஸ்கர் உடை வடிவமைப்புக்கு, எமி வாடாவுக்கு. குழப்பம் இங்கிருந்து வந்திருக்கலாம். ஆஸ்கர் அகாடமியின் இணையதளத்தில் விருதுப் பட்டியலை யாரும் இலவசமாகத் தேடலாம். 1985 படங்களுக்கான 58ஆவது விழாவைத் தேர்ந்தெடுத்து, கலை இயக்கப் பிரிவையும் உடைப் பிரிவையும் பாருங்கள். வென்றவர் பெயருக்குத் தனி அடையாளம் இருக்கும்.