டார்டனைப் போலி என்று சொல்வதற்கு முன்

எடின்பரோ தேசிய ஓவியக் கூடத்தில் ஒரு படம் இருக்கிறது. ஹென்றி ரேபர்ன் 1812 வாக்கில் வரைந்தது. ஹைலாந்து என்னும் ஸ்காட்லாந்து மலைநாட்டின் கிளென்கேரி குலத் தலைவர் அலஸ்டர் மெக்டோனல் ஆளுயரத்துக்கு நிற்கிறார். உடம்பெல்லாம் டார்டன் என்ற ஸ்காட்லாந்துக் கட்டம்போட்ட துணி, கையில் துப்பாக்கி, பின்சுவரில் கேடயமும் வாளும். 1815-ல் 'உண்மையான ஹைலாந்தர்கள் சங்கம்' தொடங்கியவர் இவர்தான். அதே மனிதர், தலைமுறை தலைமுறையாகத் தன் நிலத்தில் உழுத குடியானவர்களை வெளியேற்றிவிட்டு ஆட்டுப் பண்ணைக்குக் குத்தகை விட்டார். கனடாவில் ஒன்டாரியோவில் கிளென்கேரி என்றே ஒரு மாவட்டம் இருக்கிறது. கிளென்கேரிப் பள்ளத்தாக்கிலிருந்து போனவர்கள் வைத்த பெயர்.

நான் ஒவ்வொரு முறையும் அந்தப் படத்தின் முன் நின்றுவிடுவேன். கோபம்தான் வரும்.

டார்டன் பற்றிப் பேச்சு வந்தாலே இங்கே யாராவது ஒருவர், "அதெல்லாம் 19-ஆம் நூற்றாண்டு வியாபாரிகள் கிளப்பிவிட்ட கதை" என்று முடித்துவிடுகிறார்கள். பாதி உண்மை. ஒரு குலத்துக்கு ஒரு கட்டம் என்ற பட்டியல் பிற்காலத்துச் சரக்குதான். 1815-ல் லண்டன் ஹைலாந்து சங்கம் உங்கள் குல டார்டனை அனுப்புங்கள் என்று கேட்டபோது, பல தலைவர்களுக்கே எது தங்களுடையது என்று தெரியவில்லை. பானக்பர்ன் ஊரில் டார்டன் நெய்து விற்ற வில்சன் குடும்பத்தார் பல கட்டங்களை எண் போட்டுத்தான் விற்றார்கள். அவர்களுடைய 43-ஆம் எண்தான் பிறகு மக்ஃபெர்சன் டார்டன் ஆனது. 1822-ல் அரசர் நான்காம் ஜார்ஜ் எடின்பரோ வந்தபோது, நாவலாசிரியர் வால்டர் ஸ்காட்டின் ஏற்பாட்டில் ஊரே டார்டன் உடுத்தியது. அரசரும் கில்ட் என்ற டார்டன் இடுப்பாடையைக் கட்டினார், உள்ளே இளஞ்சிவப்புக் காலுறையோடு.

ஆனால் பட்டியல் பொய் என்பதால் துணியும் பொய்யாகிவிடுமா?

ஹைலாந்தின் கிளென் அஃப்ரிக் பள்ளத்தாக்கில் கரிச்சேற்றுக்குள் கிடைத்த ஒரு துண்டுத் துணியை 2023-ல் டண்டி அருங்காட்சியகத்தில் காட்சிக்கு வைத்தார்கள். 16-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாக இருக்கலாம் என்று ஆய்வு சொல்கிறது. பச்சை, பழுப்பு, சிவப்பு, மஞ்சள் எல்லாம் மங்கிப்போயிருந்தாலும் கட்டம் தெரிகிறது. அது வேலை செய்யும்போது உடுத்திய துணி. அந்தக் காலத்துப் பெரிய கில்ட்டை எப்படிக் கட்டினார்கள் தெரியுமா? தறியின் அகலம் போதாது, அதனால் இரண்டு துண்டை நீளவாக்கில் சேர்த்துத் தைப்பார்கள். அதைத் தரையில் விரித்து, கொசுவம் மடித்து, மேலே படுத்து, இடுப்பில் வாரைக் கட்டிக்கொண்டு எழுந்திருக்கலாம். மேல்பாதியைத் தோளில் போட்டுக்கொள்ளலாம், மழை வந்தால் தலைக்கு இழுத்துக்கொள்ளலாம். ராத்திரி மலையில் தங்க நேர்ந்தால் அதுவே போர்வை.

இந்தத் துணியைத்தான், ஹைலாந்துக் குலத்தார் பலர் கலகம் செய்து அரசுப் படையிடம் தோற்ற கல்லோடன் போருக்குப் பிறகு, 1746-ல் சட்டம் போட்டுத் தடுத்தார்கள். ஹைலாந்து ஆண் கட்டினால் ஆறு மாதச் சிறை. மறுபடியும் கட்டினால் ஏழு வருடம் கடல் கடந்து நாடு கடத்தல். விலக்கு யாருக்கு? அரசரின் படையில் சேர்ந்தவனுக்கு! தன் தாத்தா உடுத்தியதைத் தானும் உடுத்த வேண்டுமென்றால், தாத்தாவைத் தோற்கடித்த படையில் சேர வேண்டும். 1782-ல் சட்டத்தை நீக்கினார்கள். அதற்குள் ஒரு தலைமுறையே கால்சட்டையில் வளர்ந்துவிட்டது. அதன்பிறகுதான் பணக்காரர்களுக்கு அந்தத் துணிமேல் ஆசை வந்தது. 1814-லும் 1819-லும் ஹைலாந்தின் வடகோடியில் உள்ள ஸ்ட்ராத்நேவரில் குடியானவர்களின் வீட்டுக் கூரைகளைக் கொளுத்தினார்கள். அடுத்த மூன்றாவது வருடம் எடின்பரோவில் டார்டன் ஊர்வலம்.

டார்டனில் போலி எது என்று கேட்டால் நான் அந்த ஊர்வலத்தைத்தான் காட்டுவேன், துணியை அல்ல.

இன்று யார் வேண்டுமானாலும் எந்தக் கட்டத்தையும் உடுத்தலாம், சட்டத் தடை எதுவும் இல்லை. 2009-லிருந்து அரசுப் பதிவேடு இருக்கிறது, புதிது புதிதாகப் பதிகிறார்கள். எனக்கு அதில் சந்தோஷம்தான். அடுத்த மாதம் நண்பன் கல்யாணத்துக்கு நானும் கில்ட் வாடகைக்கு எடுக்கிறேன். குலம் இல்லாதவர்களுக்குப் பொதுவாக 'பிளாக் வாட்ச்' கட்டத்தைத்தான் கடைக்காரர் எடுத்துப் போடுவார். 1725-ல் பள்ளத்தாக்குகளைக் காவல் காக்க அரசு திரட்டிய படையின் பெயர் அது. அது வேண்டாம், வேறு காட்டுங்கள் என்று சொல்லிவிட்டேன்.