"பேசிக்கிட்டு இருக்கம், பொறுங்க" எண்டு சொல்லியே சாமானைத் தொலைக்கிறாங்க

சுங்கம் கைப்பற்றின இறக்குமதிச் சாமானைப் "பேசி எடுத்துத் தாறம்" எண்டு சொல்ற கிளியரிங் ஏஜென்ட்மாரே (துறைமுகத்தில சாமானை விடுவிச்சுக் குடுக்கிற முகவர்மாரே), உங்களுக்குச் சட்டம் தெரியாதா, இல்ல தெரிஞ்சும் வாயைத் திறக்கிறீங்க இல்லையா? கல்முனையிலயும் மட்டக்களப்பிலயும் கடைக்காரன் போனைக் காதில வச்சுக்கிட்டுக் காத்திருக்கிறான். அங்க கொழும்பில நாள் ஓடுது.

சுங்கக் கட்டளைச் சட்டம், 1869ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கம், 154ஆம் பிரிவு. கைப்பற்றின திகதியில இருந்து ஒரு மாசத்துக்குள்ள "உரிமை கோரப் போறன்" எண்டு எழுத்தில அறிவிக்கணும், பிணையும் குடுக்கணும். ரெண்டும் சரியெண்டா, வழக்கு முடியுமுன்னமே சாமானைக் கேட்டு எடுக்கலாம். தவறினா அது அரசுடமை. விசாரணை இன்னும் முடியல்லையே எண்டு அழுது பிரயோசனமில்ல. உங்களுக்கு எப்ப தெரிய வந்தது எண்டதும் கணக்கில்ல, கைப்பற்றின நாள்தான் கணக்கு. கைப்பற்றினதுக்குக் குடுத்த கடதாசி ஏஜென்ட்ட பைக்குள்ள கிடந்தா போச்சு.

கடிதம் ஒரு பக்கம் போதும். கைப்பற்றல் இலக்கம், திகதி, கொன்டெய்னர் இலக்கம், சாமான் விபரம், 154இன் கீழ் உரிமை கோருறன் எண்ட வசனம். சுங்கப் பணிப்பாளர் நாயகத்துக்கு முகவரியிட்டு ரெண்டு பிரதி. ஒண்டில திகதியோட சீல் வாங்காம வெளிய வராதீங்க. அண்டைக்கே பதிவுத் தபாலிலயும் ஒண்டு போடுங்க.

மறுகா பிணை. தொகையைச் சுங்கம்தான் தீர்மானிக்கும். வங்கி உத்தரவாதம் எண்டு போனா, கடன் வசதி இல்லாத சின்ன வியாபாரியிட்ட முழுத் தொகையையும் வைப்பில போடச் சொல்லுவாங்க. போட்ட முதலீடு சாமானாகி யார்டில கிடக்கு, இன்னொரு முதலீட்டுக்கு எங்க போற? உத்தரவாதத்தின்ட வாசகத்தைச் சுங்கத்தில காட்டிச் சரி பார்த்த பிறகுதான் வங்கியில அடிக்கச் சொல்லுங்க. காலாவதித் திகதி கிட்டவா இருந்தா திருப்பி விடுவாங்க, அந்த மாசம் அதிலயே முடியும்.

சாமான் கைக்கு வந்திட்டா எல்லாரும் நிம்மதியாப் படுத்துடுறாங்க. அறிவித்தலும் பிணையும் குடுத்து 30 நாளுக்குள்ள நீதிமன்றத்தில வழக்குப் போடாட்டி உரிமை போகும், கட்டின பிணையும் போகும். சுங்கத் தீர்வை (இறக்குமதி வரி) கட்டினதை நிரூபிக்கிற பாரமும் உங்கட தலையிலதான். இன்வொய்ஸ், வங்கியில அனுப்பின காசுக்குப் பற்றுச்சீட்டு, விலை பேசின மின்னஞ்சல் எல்லாத்தையும் இப்பவே எடுத்து வைங்க.

முதல்ல ஒண்டு கேளுங்க: கைப்பற்றினதா, தடுத்து வச்சிருக்கிறதா? தீர்வைக்காகச் சாமானுக்கு என்ன விலை போடுறது எண்ட பெறுமதித் தகராறு மட்டும் எண்டா பாதை வேற. உலக வர்த்தக அமைப்பின்ட சுங்கப் பெறுமதி உடன்படிக்கை, 13ஆம் உறுப்புரை, போதிய உத்தரவாதத்தோட சாமானை எடுக்க இடம் குடுக்குது. தடை செய்த சாமானுக்கு இந்தக் கதையெல்லாம் எடுபடாது.

விசாரணையில "ஒத்துக்கிட்டுத் தண்டத்தைக் கட்டிட்டுப் போங்க" எண்டு நீட்டுற கடதாசியில வாசிக்காம ஒப்பம் வைக்கிறாங்களே, அதுதான் வயித்தெரிச்சல்! சின்ன லொட்டுக்குக் கட்டிட்டுப் போறது லாபமா இருக்கலாம், சரி. ஆனா அதுக்குப் பிறகு உரிமை கோர முடியுமா எண்டு சட்டத்தரணியிட்ட கேட்டுட்டு வைங்க.

இதுக்கெல்லாம் 300 கிலோமீற்றருக்கு மேல கொழும்புக்கு ஓடணும். கிழக்கிலயே ஒலுவில் துறைமுகத்தை 2013இல திறந்தாங்க, வாயை மணல் மூடினதுதான் மிச்சம். கொன்டெய்னருக்குக் குடுக்கிற இலவச நாள் முடிஞ்சா கப்பல் கொம்பனியின்ட டெமரேஜ் (தாமதக் கட்டணம்) டொலரில ஏறும். வழக்கில வெண்டாலும் அந்தப் பில்லைச் சுங்கம் கட்டாது. ஏஜென்டும் கட்டமாட்டார்.