கண்மாய்க் காட்டில் முகாமுக்கும் பங்கு வேண்டும்

"கேம்ப்காரங்க விறகு ஒடிச்சே கண்மாய்க்கரையை மொட்டையடிச்சுட்டாங்க." மேலூர்ப் பக்கம் டீக்கடைகளில் இந்தப் பேச்சைக் கேட்காதவர்கள் குறைவு. இப்போது அது வாட்ஸ்அப் குழுக்களுக்கும் வந்துவிட்டது. கேட்கும்போதெல்லாம் எனக்கு மனசு கொதிக்கும். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். பொறுமையாகப் படியுங்கள்.

மதுரை மாவட்டத்தில் ஆனையூர், உச்சப்பட்டி, திருவாதவூர் என்று மூன்று இடங்களில் இலங்கைத் தமிழர் முகாம்கள் இருக்கின்றன. தமிழ்நாடு முழுக்க நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் ஏறக்குறைய 58,000 பேர். 1983 கலவரத்துக்குப் பிறகு அலை அலையாகப் படகேறி வந்தவர்களும் அவர்களுடைய பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும். ஆண்களில் பெரும்பாலோர் பெயிண்ட் அடிக்கப் போகிறார்கள். வேலையிருந்தால் கூலி, மழை பெய்தால் அதுவும் இல்லை. சொந்தமாக ஒரு சென்ட் நிலம் கிடையாது. 2021-இல் அரசு 317 கோடி ரூபாய்த் திட்டம் அறிவித்து, வீடுகளைப் புதிதாகக் கட்டித் தரவும், இலவச எரிவாயு இணைப்பும் ஆண்டுக்கு ஐந்து சிலிண்டருக்கு மானியமும் தரவும் முன்வந்தது. நல்ல காரியம், மனதார வரவேற்கிறேன். ஆனால் ஐந்து பேர் சாப்பிடும் வீட்டில் ஐந்து சிலிண்டர் எத்தனை மாதம் வரும் என்று நம் வீட்டுப் பெண்களைக் கேட்டால் சொல்வார்கள். மிச்ச மாதங்களுக்குச் சுள்ளிதான். அந்தச் சுள்ளி பெரும்பாலும் சீமைக்கருவேலம். அதை ஒடித்தால் கண்மாய்க்கு என்ன நட்டம்?

நம் பக்கத்துக் குன்றுகளை அழித்தது தலைச்சுமை விறகா? கிரானைட்டுக்காக மலையை அறுத்தவர்களைப் பற்றி 2012-இல் அப்போதைய ஆட்சியர் உ. சகாயம் அரசுக்கு அறிக்கை எழுதினார். 2014-இல் உயர் நீதிமன்றம் அவரையே விசாரணைக்கு நியமித்தது. குன்றுகள் வெட்டுப்பட்டதையும், ஓடைகளும் வரத்துக்கால்களும் மூடப்பட்டதையும் நாமெல்லாம் கண்ணால் பார்த்தோம். பிறகு டங்ஸ்டன் சுரங்கத் திட்டம் வந்தது. 2022-இல் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்ட அரிட்டாபட்டியையும் சேர்த்து ஏலம் விட்டார்கள். ஊர் ஊராக மக்கள் திரண்டு மதுரைக்கு நடந்து போனார்கள். 2025 ஜனவரியில் ஒன்றிய அரசு ஏலத்தை ரத்து செய்தது. அந்த வெற்றியில் எனக்குப் பெருமை உண்டு. திருவாதவூர் முகாமும் அதே மேலூர் வட்டத்தில்தான் இருக்கிறது. சுரங்கம் வந்திருந்தால் அவர்கள் குடிக்கும் தண்ணீரும் சேர்ந்துதான் கெட்டிருக்கும். ஆனால் குடியுரிமை இல்லாதவர், அதிகாரிகள் வந்து ஆள் கணக்கு எடுக்கும் இடத்தில் வாழ்பவர், போராட்டத்தில் வந்து நிற்பது நமக்குப் போல எளிதா?

அகதிகள் வந்தால் காடு அழியும் என்பது முழுப் பொய்யும் இல்லை. வங்கதேசத்தின் காக்ஸ் பஜாரில் 2017 ஆகஸ்டுக்குப் பிறகு சில மாதங்களுக்குள் ஏழு லட்சத்துக்கும் அதிகமான ரோஹிங்கியா மக்கள் வந்து சேர்ந்தார்கள். ஆயிரக்கணக்கான ஏக்கர் காட்டு நிலம் முகாமாயிற்று. அடுப்புக்காக மரங்கள் போயின. பிறகு வேர்களையும் தோண்டினார்கள். மண் சரிந்தது. யானைகளின் பாதையிலேயே குடியிருப்பு இருந்ததால் உயிர்ப்பலியும் நடந்தது. உள்ளூர் மக்களுக்குக் கோபம் வந்ததில் தவறு சொல்ல முடியாது, அவர்களும் அதே காட்டை நம்பிப் பிழைத்த ஏழைகள்தான்.

அங்கே நிலைமை மாறியது எப்படி? 2018-இலிருந்து முகாமுக்கும், சுற்றியிருந்த ஊர்க்காரர்களுக்கும் சேர்த்து சமையல் எரிவாயு கொடுத்தார்கள். விறகுத் தேவை வெகுவாகக் குறைந்தது. மொட்டையான மேடுகளில் புல்லும் மரமும் நடும் வேலையை அகதிகளுக்கும் உள்ளூராருக்கும் கூலி கொடுத்துச் செய்ய வைத்தார்கள். யானை வந்தால் ஆட்களை விலக்கி, அதைக் காட்டுக்குத் திருப்பிவிடும் குழுக்களில் ரோஹிங்கியா இளைஞர்களே நின்றார்கள். உகாண்டா இன்னும் ஒரு படி மேலே போயிற்று. 2006 சட்டப்படி அகதிக்கு வேலை செய்யும் உரிமையும் நடமாடும் உரிமையும் உண்டு. குடியிருப்புகளில் பயிர் செய்யத் துண்டு நிலமும் தருகிறார்கள். வரும் உதவியில் 30 விழுக்காடு இடம் கொடுத்த ஊர்களுக்குப் போக வேண்டும் என்பது அங்கே கொள்கை. எல்லாம் சரியாக நடக்கிறது என்று சொல்ல மாட்டேன். நிலம் சுருங்குகிறது, பணம் பற்றவில்லை. ஆனாலும் இரண்டு தரப்பையும் ஒரே கணக்கில் வைத்துப் பார்க்கிறார்களே, அதைத்தான் நான் மதிக்கிறேன்.

நம் தமிழ்நாட்டிலேயே இதற்கு ஒரு பழைய கதை உண்டு. 1964-இல் சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தம் வந்தது. இலங்கைத் தேயிலைத் தோட்டங்களில் தலைமுறையாக உழைத்த மலையகத் தமிழர்களை இந்தியாவுக்கு அனுப்பினார்கள். அவர்களில் பலரின் பாட்டன் பூட்டன் மதுரை, ராமநாதபுரம், திருச்சி சீமைகளிலிருந்து கப்பலேறிப் போனவர்கள். வந்தவர்களுக்கு வேலை கொடுக்க 1968-இல் அரசு நீலகிரியில் காட்டு நிலத்தைத் திருத்தித் தேயிலை போட்டது. அதுதான் டேன்டீ என்கிற அரசுத் தேயிலைத் தோட்டக் கழகமாக வளர்ந்தது. பிழைப்பு கிடைத்தது, ஆனால் காடு போயிற்று. பல ஆண்டு நட்டத்துக்குப் பிறகு 2022-இல் இரண்டாயிரம் எக்டேருக்கு மேற்பட்ட நிலத்தை வனத்துறைக்கே திருப்பிக் கொடுக்க முடிவெடுத்தார்கள். காடு திரும்பினால் எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் வாழ்நாள் முழுக்கக் கொழுந்து பறித்துவிட்டு இப்போது தோட்டத்து லைன் வீட்டைக் காலி செய்யச் சொல்லப்படும் அந்த அம்மாவுக்கு யார் பதில் சொல்வது? காட்டை அழித்துப் பிழைப்பு கொடுத்தார்கள், பிறகு பிழைப்பை எடுத்துக் காட்டைக் கொடுக்கப் பார்க்கிறார்கள். காட்டை வளர்ப்பதையே அந்த மக்களுக்கு நிரந்தர வேலையாகக் கொடுத்திருக்கலாமே!

மதுரைப் பக்கம் அதற்கு நீலகிரிக் காடு தேவையில்லை, கண்மாயே போதும். கண்மாயில் தண்ணீர் நிற்கும் உள்வாய் முழுக்கச் சீமைக்கருவேலம் அடர்ந்து கிடக்கிறது. அதை அகற்றச் சொல்லி உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் வழக்கு நடந்தது, 2022-இல் அரசு கொள்கையும் வெளியிட்டது. ஆனால் நடப்பது என்ன? ஏலம் எடுத்தவர் ஜேசிபியோடு வருகிறார், விற்கத் தோதான மரத்தை வெட்டி லாரியில் ஏற்றிக்கொண்டு போகிறார். தூர் மண்ணுக்குள்ளேயே கிடக்கிறது. அடுத்த மழைக்குத் தழைத்து வந்துவிடும். ஆடு மாடு நெற்றைத் தின்று சாணத்தோடு விதையைப் பரப்பும். அந்த மரத்தை ஒழிக்க ஒரு நாள் வேலை போதாது. தூரைத் தோண்ட வேண்டும், முளைக்கும் கன்றை ஒவ்வொரு மழைக்குப் பிறகும் பிடுங்க வேண்டும், அந்த இடத்தில் வேறு மரம் நட்டு ஆடு கடிக்காமல் இரண்டு மூன்று கோடைக்குக் காப்பாற்ற வேண்டும். இதை வெளியூர்க் காண்டிராக்டர் செய்ய மாட்டார். கண்மாய் ஓரத்திலேயே குடியிருப்பவர்கள்தான் செய்ய முடியும். முகாம்காரர்களும் ஊர்க்காரர்களும்தான்.

இதில் வருமானமும் இருக்கிறது. சீமைக்கருவேலக் கரிக்கு நல்ல கிராக்கி. ராமநாதபுரம், சிவகங்கை, விருதுநகர்ப் பக்கம் கரிமூட்டம் போட்டே பிழைக்கும் குடும்பங்கள் ஏராளம். தூர்க்கட்டை கரிக்கு இன்னும் நல்லது. வெட்டியதில் ஒரு பங்கை விறகாகவும் கரியாகவும் இரண்டு தரப்பும் பகிர்ந்துகொள்ளட்டும். கிடைக்கும் பணத்தில் நாற்றங்கால் வையுங்கள். உள்வாயில் நாட்டுக்கருவேல், கரையில் பனை, புறம்போக்கில் புங்கையும் வேம்பும் இலுப்பையும் போடலாம். யாழ்ப்பாணத்திலிருந்தும் மன்னாரிலிருந்தும் வந்தவர்களுக்குப் பனையைப் பற்றி நாம் சொல்லிக் கொடுக்க வேண்டியதில்லை. வன்னிக்காரர்களுக்குக் காடும் தெரியும், குளமும் தெரியும். இவ்வளவு கைத்திறனை வைத்துக்கொண்டு சுவருக்குப் பெயிண்ட் அடிக்க மட்டும் அனுப்புகிறோம் என்பது எனக்கு வேதனையாக இருக்கிறது.

ஊர்க்காரர்களின் பயமும் எனக்குத் தெரியும். ஆடு வளர்ப்பவருக்கு அந்த நெற்றுதான் கோடைத் தீவனம். ஊரிலேயே விறகு விற்றுப் பிழைக்கும் பெண்கள் இருக்கிறார்கள். கண்மாய் ஏலத்தில் இதுவரை குரலே இல்லாத தெருக்களும் ஊருக்குள் இருக்கின்றன. முகாமுக்குப் பங்கு கொடுக்கும்போது இவர்களை ஒதுக்கினால் சண்டைதான் மிஞ்சும். ஆகவே ஆடு மேய்க்க ஒரு பகுதியை விட்டுவைத்து, இந்தத் தெருக்களுக்கும் முகாமுக்கும் ஒரே கூலி, ஒரே பங்கு என்று எழுத்தில் போட வேண்டும். 1997-இல் காடு வளர்ப்புத் திட்டம் வந்தபோதிருந்தே கிராம வனக்குழுக்கள் என்ற ஏற்பாடு நம் மாநிலத்தில் உண்டு. அதே மாதிரிக் குழுவைக் கண்மாய்க்கும் அமைத்து, முகாம் குடும்பங்களை, குறிப்பாகப் பெண்களை, உறுப்பினராகச் சேர்க்கலாம். குடியுரிமை டெல்லியில் முடிவாகும்வரை இதற்குக் காத்திருக்க வேண்டியதில்லை. ஊராட்சியும் வருவாய்த்துறையும் வனத்துறையும் மாவட்ட ஆட்சியர் முன்னிலையில் உட்கார்ந்து பேசினால் முடிகிற காரியம்.

அடுத்த கிராம சபையில் எங்கள் ஊரில் இதைத் தீர்மானமாகக் கொடுக்கப் போகிறேன். கண்மாய் மரத்தை மொத்தமாக ஏலம் விடாமல் ஊரும் முகாமும் சேர்ந்த குழுவிடம் கொடுக்க வேண்டும், விற்ற பணத்தில் ஒரு பகுதி நாற்றுக்கும் காவலுக்கும் ஒதுக்க வேண்டும், இந்த இரண்டும்தான் அதில் இருக்கும். ஆனையூர், உச்சப்பட்டிப் பக்கத்து நண்பர்கள் உங்கள் ஊரிலும் கொடுங்கள். தீர்மானத்தின் நகல் வேண்டுமென்றால் கேளுங்கள், அனுப்பி வைக்கிறேன்.