சீர் செஞ்சாச்சு, கையெழுத்துப் போடு

எந்தப் பதிவைச் சொல்றேன்னு பாதிப் பேருக்குத் தெரிஞ்சிருக்கும். அண்ணன்மார் மேல பாகப்பிரிவினை கேஸ் போட்ட அந்தத் தங்கச்சியைப் பத்தினதுதான். லிங்க் தரப் போறதில்ல, ஏற்கெனவே ஆளாளுக்குக் கமெண்ட் போட்டுப் புண்ணியம் சேர்த்துட்டீங்க. "படிக்க வெச்சதுக்குப் பலன்", "மாடர்ன் பொண்ணுங்கன்னா இப்படித்தான்". இதை எழுதினவங்கள்ல பல பேர் மகளிர் தினத்துக்கு மக ஸ்கூட்டி ஓட்டுற போட்டோ போட்டவங்க.

ஒண்ணே ஒண்ணு சொல்லிக்கிறேன். அவ கேட்டது அவ பங்கை. அண்ணன் பங்கை இல்ல.

1929லயே செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டுல பெண்ணுக்கும் சொத்துல சம உரிமைன்னு தீர்மானம் போட்டாச்சு. பூர்வீகச் சொத்துல அது சட்டமாக இங்கே 1989 ஆச்சு. அதுலயும் அதுக்கு முன்னாடியே கல்யாணம் ஆனவங்களுக்குக் கிடையாது. 2005ல மத்திய சட்டம் வந்து அந்த ஓட்டையை அடைச்சுது. 2005ல அப்பா உயிரோட இருந்தாதான் பொண்ணுக்குப் பங்கான்னு இழுத்த வழக்கை 2020ல உச்ச நீதிமன்றம் முடிச்சு வெச்சுது. பிறப்பாலயே வர்ற உரிமை, அவ்வளவுதான். இத்தனைக்கு அப்புறமும் நம்ம வீடுகள்ல ஒரே சட்டம்தான்: சீர் செஞ்சாச்சு, பங்கு வேண்டாம்னு கையெழுத்துப் போடு.

எங்க அம்மாவோட அப்பா சொத்து சுயசம்பாத்தியம், உயிலும் எழுதல. 1956 இந்து வாரிசுரிமைச் சட்டப்படியே அம்மாவுக்குச் சம பங்கு உண்டு. காரியம் முடிஞ்ச கையோட மாமா கார் வெச்சு ரிஜிஸ்டர் ஆபீஸுக்குக் கூட்டிட்டுப் போனார். அதுவரைக்கும் அம்மா அந்த ஊருக்கு பஸ்லதான் போய் வந்தாங்க. பத்திரத்தை யாரும் படிச்சுக் காட்டல. ரேகை வெச்ச பெருவிரலைத் தலைமுடியில தேய்ச்சுக்கிட்டே வெளியே வந்தாங்க. கூட நின்ன எனக்கு ரோஸ் மில்க். அம்மாவுக்கு ஒரு சின்னாளபட்டிப் புடவை. பின்னாடி அப்பாவுக்கு பைபாஸ் பண்ணப்போ அம்மா வளையலை அடகு வெச்சாங்க. மாமா ஹார்லிக்ஸ் பாட்டிலோட வந்து பார்த்துட்டுப் போனார். மறக்கல, நல்ல மனுஷர்.

"அம்பது பவுன் போட்டோமே"ம்பீங்க. அந்த நகை இப்போ எங்கேன்னு உங்க தங்கச்சியைத் தனியா கூப்பிட்டுக் கேளுங்க. அது மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வாயை அடைக்கப் போட்டது. அவளுக்கு எழுதி வெச்சதில்ல.

"கடைசிக் காலத்துல அப்பா அம்மாவைப் பார்த்தது யாரு?" இதுல நியாயம் இருக்கு, இல்லைன்னு சொல்லல. பார்த்தவங்களுக்குக் கொஞ்சம் கூடவே கொடுக்கலாம், உட்கார்ந்து பேசலாம். ஆனா பார்த்தது அண்ணனா அண்ணியா? பீ மூத்திரம் அள்ளினது யாரு? அந்த அண்ணிகிட்டயும் அவங்க பொறந்த வீட்டுல இதே கையெழுத்தை வாங்கியிருப்பாங்களே.

"உறவு அறுந்துடும்." அறுக்கிறது யாரு சார்? பங்கு கேட்டவளா, கேட்டதும் போனை எடுக்காம விட்டவனா?

வீட்டு லோனுக்கு அவ சம்பளம் வேணும், அதுக்குப் பேரு முன்னேற்றம். நிலத்துல பங்குன்னா மட்டும் பண்பாடு, குலம், கோத்திரம் எல்லாம் எழுந்து வருது. வேலைக்கும் போகணும், வந்து இட்லிக்கும் ஆட்டணும். 2019ல மத்திய அரசு எடுத்த நேரக் கணக்குல சம்பளமில்லா வீட்டு வேலைக்குப் பெண்கள் ஒரு நாளைக்கு 299 நிமிஷம், ஆண்கள் 97. அந்த 97ம் துரும்பைக்கூட நகர்த்தாத ஆம்பளைங்களைக் கழிச்சுட்டுப் போட்ட சராசரி! இவ்வளவையும் செஞ்சுட்டு ஒரு நாள் "என் பங்கு எங்கே"ன்னு கேட்டா, குடும்பத்தைக் கெடுக்க வந்தவ.

நேத்து அந்தப் பதிவுக்குக் கீழே நானும் ரெண்டு வரி எழுதினேன். "உங்களை மாதிரி ஆளுங்கதான் குடும்பத்தைப் பிரிக்கிறது"ன்னு எவனோ பதில் போட்டான். முகம் தெரியாதவன், போகட்டும். அதுக்கு ஹார்ட்டின் போட்டது யாருன்னு பார்த்தா, அதே மாமாவோட பையன். தம்பி, நீ இதைப் படிப்பேன்னு தெரியும். அடுத்த மாசம் உன் பொண்ணு காதுகுத்துக்குக் கண்டிப்பா வர்றேன், அம்மாவையும் கூட்டிட்டு வர்றேன். உன் தங்கச்சிகிட்ட கையெழுத்து வாங்கியாச்சா இல்லையான்னு மட்டும் இப்பவே சொல்லிடு. வாங்கலைன்னா முதல்ல அவகிட்டதான் பேசப் போறேன்.