1897-இல் எடுத்த அந்த ஐம்பது நொடி வாள்சண்டை

பிரான்சின் லூமியேர் திரைப்பட நிறுவனத்துக்காக ஒளிப்பதிவாளர் கோன்ஸ்தான் ஜிரேல் 1897-இல் ஜப்பானில் எடுத்த வாள்சண்டைப் படம் மறுபடி மறுபடி பகிரப்படுகிறது. கூடவே, "அந்தக் காலத்தில் முறையே கிடையாது, வெறும் அடிதடி" என்று ஒரு வரியும் வருகிறது. அந்தத் தீர்ப்பை என்னால் ஏற்க முடியவில்லை.

முதலில் வேகம். லூமியேர் கேமராவைக் கையால் சுற்றினார்கள்: நொடிக்கு இரண்டு சுற்று, சுமார் 16 ஃபிரேம். 17 மீட்டர் சுருள் ஏறத்தாழ 50 நொடி ஓடும். அதையே 24 ஃபிரேமில் ஓட்டினால் 33, 34 நொடியில் முடிந்துவிடும். எல்லோரும் ஒன்றரை மடங்கு வேகத்தில் துள்ளுவார்கள். அடிதடி போலத் தெரிவதில் பாதி இதனால்தான். பார்க்கும் பிரதி 35 நொடிக்குள் முடிந்தால் வேகத்தை 0.65-க்குக் குறைத்துப் பாருங்கள்.

அடுத்தது ஒலி. ஜப்பானிய வாள்வீச்சு விளையாட்டான கென்டோவில் ஷினாய் என்ற மூங்கில் வாள் பட்டால் மட்டும் புள்ளி கிடையாது. குரல், வாள், உடல் மூன்றும் ஒரே கணத்தில் சேர வேண்டும். அடித்த பிறகும் விழிப்பு குலையக் கூடாது. மௌனப் படத்தில் குரலும் இல்லை, வலது கால் தரையை அறையும் ஓசையும் இல்லை. எது செல்லும் அடி, எது வெறுமனே பட்ட அடி என்று பிரித்துச் சொல்ல வழியே இல்லை. மணிக்கட்டில் விழும் சின்ன அடி நாலைந்து ஃபிரேமுக்குள் முடிந்துவிடும். ஷினாயின் முனை வெறும் மங்கல் கோடாகத்தான் பதியும்.

விதிகளும் வேறு. கென்டோவுக்கு முன்னோடியாக அன்று கெக்கிகென் என்று வழங்கிய ஆட்டத்தில் மல்லுக்கட்டு, கால் தட்டிவிடுதல், எதிராளியின் முகக்கவசத்தைப் பிடித்து இழுத்தல் எல்லாம் உண்டு. இன்று கால் தட்டினால் தவறு. இரண்டு தவறு சேர்ந்தால் எதிராளிக்கு ஒரு புள்ளி. வாள்வீரர் சகாகிபரா கென்கிச்சி 1873-இலேயே டோக்கியோவில் கட்டணம் வாங்கிக் காட்சிப் போட்டி நடத்தினார். கூட்டத்தின் கண்ணுக்காக ஆடுவது கேமரா வருவதற்கு முன்பே பழகிய விஷயம்.

இன்னொன்று என் ஊகம். உண்மையான ஆட்டத்தில் முனைக்கு முனை வைத்துக் காத்திருப்பதே ஐம்பது நொடியைத் தின்றுவிடும். மொத்தச் சுருளே அவ்வளவுதான் என்னும்போது, நின்று யோசிக்க யாரும் விட்டிருக்க மாட்டார்கள்.

60 ஃபிரேம், வண்ணம் என்று செயற்கை நுண்ணறிவால் மெருகேற்றிய பிரதிகளை வைத்து அடியின் பாதையை அலசாதீர்கள். இரண்டு ஃபிரேமுக்கு நடுவே ஷினாய் எங்கே இருந்தது என்பதை அந்த மென்பொருள் தானாக இட்டு நிரப்புகிறது. கேமரா அதைப் பதியவே இல்லை.